‘ஃபார் லைஃப்’: சித்தி கேட்ட கேள்விகளோடு பார்த்த தொடர்

சிறையில் இருக்கும் ஆரன் வாலஸும் அவரைப் பார்க்க வந்த மகளும் ஒரு மேசையின் இரு பக்கமும் உட்கார்ந்து பேசிக்கொள்ளும் காட்சி வந்தபோது, என்னோடு பார்த்துக்கொண்டிருந்த சித்தி, “மேசை போட்டுக் குடுத்துப் பேச விடுறாங்களா தம்பி?” என்று கேட்டார். நான் தொடரை நிறுத்தினேன். 1999 முதல் 2008 வரை ஒன்பது ஆண்டுகள், பாபநாசத்தில் விடியற்காலையில் ரயிலேறி, திருச்சி ஜங்ஷனில் இறங்கி, புதுக்கோட்டைச் சாலையில் உள்ள மத்திய சிறைக்குப் பேருந்தில் போய், மனு எழுதிக் கொடுத்துவிட்டுக் காத்திருந்து சித்தப்பாவைப் பார்த்துவந்தவர் அவர். அந்த நாட்களில் மனு பார்ப்பது என்றால், இரண்டு கம்பிவலைகளுக்கு நடுவே ஓர் ஆள் அகலத்துக்கு இடைவெளி விட்டு, இந்தப் பக்கம் இருபது குடும்பங்களும் அந்தப் பக்கம் இருபது கைதிகளும் ஒரே நேரத்தில் கத்திப் பேசுவதுதான். வழியெல்லாம் மனத்துக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டு போன பேச்சில் பாதி அந்த இரைச்சலில் கரைந்துவிடும். பள்ளி விடுமுறையில் சில முறை சித்தியோடு நானும் போயிருக்கிறேன். சித்தப்பாவின் உதடுகள் அசைந்தது நினைவிருக்கிறது. அவர் என்ன சொன்னார் என்பது நினைவில்லை.

அமெரிக்காவின் ஏபிசி தொலைக்காட்சி 2020 பிப்ரவரியில் தொடங்கி 2021 பிப்ரவரியில் முடித்த ‘ஃபார் லைஃப்’ தொடரை, ஆயுள் தண்டனை ஒரு குடும்பத்தை என்ன செய்கிறது என்ற ஒரே கேள்வியை வைத்துக்கொண்டுதான் நாங்கள் பார்த்தோம். ஆகவே இந்த மதிப்புரையும் அந்தக் கேள்வியிலேயே நிற்கும். முதல் சீசனில் 13, இரண்டாவதில் 10 என மொத்தம் 23 பகுதிகள். ஒவ்வொன்றும் நாற்பது நிமிடங்களுக்குச் சற்று மேல் ஓடும். மூன்றாவது சீசன் எடுக்கப்படவில்லை. உருவாக்கியவர் ஹாங்க் ஸ்டைன்பெர்க். தயாரிப்பாளர்களில் ஒருவரான பாடகர் ஃபிஃப்டி சென்ட், சிறைக்குள் ஆரனுக்கு எதிரியாக வரும் ஒரு பாத்திரத்தில் நடித்தும் இருக்கிறார்.

கதை சுருக்கமானது. நியூயார்க்கில் இரவு விடுதி நடத்திவந்த ஆரன் வாலஸ், செய்யாத போதைப்பொருள் குற்றத்துக்காக ஆயுள் தண்டனை பெற்று ஒன்பது ஆண்டுகளாகச் சிறையில் இருக்கிறார். உள்ளேயே சட்டம் படித்து வழக்குரைஞராகி, சக கைதிகளின் வழக்குகளை எடுத்து வாதாடுகிறார். சிறை உடையில் வண்டியேறி, கோட்டு மாட்டிக்கொண்டு நீதிமன்றத்தில் நின்று, தீர்ப்பு எதுவானாலும் மாலையில் அதே அறைக்குத் திரும்புகிறார். அடுத்தவருக்காக வாதாடுவதன் பின்னே தன்னைச் சிறையில் தள்ளிய அரசு வழக்குரைஞர்களின் முறைகேட்டை வெளிக்கொண்டுவந்து தன் வழக்கை மறுவிசாரணைக்குக் கொண்டுபோகும் நோக்கமும் இருக்கிறது. அதற்காகச் சில இடங்களில் நேர்மை தவறவும் அவர் தயங்குவதில்லை. அவரை உத்தமராகக் காட்டாமல் விட்டது தொடரின் நல்ல முடிவுகளுள் ஒன்று.

இந்தக் கதைக்கு ஒரு நிஜ மனிதர் அடிப்படை. ஐசக் ரைட் ஜூனியருக்கு 1991இல் நியூ ஜெர்சி மாநிலத்தில், போதைப்பொருள் கும்பலின் தலைவர்களுக்கென இருந்த சட்டத்தின் கீழ் ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. உள்ளே சட்டம் கற்று, பல கைதிகளின் மேல்முறையீடுகளுக்கு உதவினார். தன் வழக்கில் ஒரு காவல் அதிகாரியை அவரே குறுக்கு விசாரணை செய்து, முறைகேட்டை ஒப்புக்கொள்ள வைத்தார். ஏழு ஆண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்த பிறகு வெளியே வந்தார். ஆனால் அவர் வழக்குரைஞரானது சிறையில் அன்று. 2007இல் சட்டப் பட்டம் பெற்று 2008இல் தகுதித் தேர்வில் தேறிய அவரை, நன்னடத்தை விசாரணை என்ற பெயரில் காக்கவைத்து, 2017இல்தான் வழக்குரைஞராகப் பதிவு செய்தார்கள். தொடர் இந்த இடத்தைத் தலைகீழாக்கி, சிறைக்குள்ளிருந்தே வாதாடும் வழக்குரைஞர் என்ற அதிசயத்தைப் படைத்துக்கொண்டிருக்கிறது. நம் நாட்டிலும் அது நடக்காது. ஒழுக்கக்கேடான குற்றத்துக்குத் தண்டனை பெற்றவர், விடுதலையாகி இரண்டு ஆண்டுகள் கழியும் வரை வழக்குரைஞராகப் பதிவு செய்ய முடியாது என்று வழக்குரைஞர்கள் சட்டத்தின் 24ஏ பிரிவு சொல்கிறது. கதைக்காகச் செய்த மாற்றத்தை நான் குறை சொல்லவில்லை. தேர்வில் தேறிய பின்னும் ஒரு மனிதரை ஒன்பது ஆண்டுகள் வாசலில் நிறுத்திவைத்த அந்த நிஜமே, தண்டனை வாயிற்கதவோடு முடிவதில்லை என்பதற்கு நீதிமன்றக் காட்சிகள் எல்லாவற்றையும்விட வலுவான சான்றாக இருந்திருக்கும். அதைத் தொடர் தவறவிட்டுவிட்டதே என்பதுதான் என் வருத்தம்.

தொடரின் உயிர் வீட்டில் இருக்கிறது. ஆரன் உள்ளே போன பிறகு மனைவி மேரி, கணவரின் நண்பரான டேரியஸுடன் வாழ்கிறார். மகள் ஜாஸ்மின் பள்ளிப் பருவத்திலேயே கருவுற்றிருக்கிறாள். தண்டனை அறிவிக்கப்பட்ட நாளில் நின்றுபோன ஒரு கடிகாரத்தை ஆரன் மனத்துக்குள் வைத்திருக்கிறார். அவரைப் பொறுத்தவரை மேரி இன்னும் அந்த வீட்டின் மனைவி, ஜாஸ்மின் இன்னும் சிறுமி. வெளியே இருப்பவர்களின் கடிகாரமோ ஓடிக்கொண்டே இருந்திருக்கிறது. பார்வையாளர் அறையில் ஒவ்வொரு முறையும் இந்த இரண்டு கடிகாரங்களும் மோதிக்கொள்கின்றன. மேரியாக நடித்த ஜாய் பிரையன்ட், குற்ற உணர்வையும் களைப்பையும் ஒரே முகத்தில் வைத்துக்கொண்டு, இரண்டில் எதையும் மிகைப்படுத்தாமல் நடித்திருக்கிறார். அந்தப் பாத்திரத்தைக் குற்றவாளியாக்கவோ தியாகியாக்கவோ எழுத்தாளர்கள் முயலவில்லை. டேரியஸையும் கெட்டவராக்கவில்லை, நண்பனின் குடும்பத்தைத் தாங்கியவர், அதனாலேயே நண்பனை இழந்தவர் என்ற சிக்கலில் அவரை நிறுத்தியிருக்கிறார்கள்.

மேரியைப் பற்றிச் சித்தி என்ன சொல்வாரோ என்று நான் தயங்கிக்கொண்டே விளக்கினேன். (தொடர் ஆங்கிலத்தில் ஓடியது, நான் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன்.) அவர் கேட்டது ஒரே கேள்வி: “அத்தனை வருஷமும் அந்தப் பொண்ணுக்கு ஃபீஸ் யாரு கட்டுனா?” டேரியஸ் உடனிருந்தார் என்றேன். தலையை மட்டும் ஆட்டினார். எங்கள் வீட்டில் அந்தக் கட்டணத்தைச் சித்தி நடவு நட்டும், கருது அறுப்புக்குப் போயும், கல்யாண வீடுகளில் பாத்திரம் தேய்த்தும் கட்டினார். ஒருவர் உள்ளே போனால் வெளியே குடும்பம் எதில் சாப்பிடுகிறது, எதை அடகு வைக்கிறது என்ற கணக்கைத் தொடர் மேரியின் மூலம் தொட்டுப் பார்க்கிறதே தவிர, உட்கார்ந்து பேசவில்லை. ஆயுள் தண்டனையின் பாரத்தில் பெரும்பகுதி அந்தக் கணக்கில்தான் இருக்கிறது என்று அருகிலிருந்து பார்த்த எனக்குத் தெரியும்.

ஆரனாக வரும் நிக்கோலஸ் பின்னாக் பிரிட்டிஷ் நடிகர். நீதிமன்றத்தில் அவருடைய குரல் உயர்வதைவிட, வென்ற வழக்கின் கட்சிக்காரர் தன் குடும்பத்தோடு வெளியே போவதைப் பார்த்துவிட்டுக் காவலர்களிடம் கைகளை நீட்ட வேண்டிய அந்த மனிதரின் அமைதிதான் மனத்தில் நிற்கிறது. மகிழ்ச்சியும் பொறாமையும் கலந்த ஒன்றை அவர் வசனமின்றிச் சுமக்கிறார். சிறைக் கண்காணிப்பாளர் சஃபியாவாக இந்திரா வர்மா நடித்திருக்கிறார். கைதிகளை மனிதர்களாக நடத்த விரும்பும் அதிகாரி அவர். அவருடைய வாழ்க்கைத் துணையோ, ஆரனைச் சிறையில் அடைத்த அரசு வழக்குரைஞரை எதிர்த்து மாநிலத் தலைமை வழக்குரைஞர் பதவிக்குப் போட்டியிடுகிறார். அந்தத் தேர்தல் கிளைக்கதை எனக்குப் பெரிதாக ஒட்டவில்லை. ஆனால் நல்லெண்ணம் உள்ள ஓர் அதிகாரியால்கூட ஆயுள் கைதிக்கு எவ்வளவு குறைவாகச் செய்ய முடிகிறது என்பதை அந்தப் பாத்திரம் காட்டுவது உண்மையானது.

இனி என் முதல் பெரிய குறை. இந்தத் தொடருக்கு வெறுமையைக் கண்டால் பயம். வாரம் ஒரு வழக்கு, வழக்கில் ஒரு திருப்பம், சிறைக்குள் ஒரு அடிதடி, விளம்பர இடைவேளைக்கு முன் ஓர் அதிர்ச்சி என்று நிமிடத்துக்கு நிமிடம் ஏதாவது நடந்துகொண்டே இருக்கிறது. ஆயுள் தண்டனையின் கொடுமையோ ஒன்றுமே நடக்காததில் இருக்கிறது. காலையில் எண்ணிக்கை, கஞ்சி, வேலை, மாலையில் அடைப்பு, மறுநாள் அதே எண்ணிக்கை. சித்தப்பா உள்ளிருந்து எழுதிய அஞ்சலட்டைகளைச் சித்தி ஒரு பிஸ்கட் டின்னில் வைத்திருக்கிறார். ஒன்பது ஆண்டுக் கடிதங்களில் பெரும்பாலானவற்றில், “நான் நலம். மழை பெய்ததா? நாற்று விட்டாயா? பசு சினையா?” என்ற அதே வரிகள்தாம். தன்னிடம் சொல்வதற்கு எதுவும் நடக்காதவர் வீட்டில் நடப்பதைக் கேட்டே பக்கத்தை நிரப்பியிருக்கிறார். அந்த அஞ்சலட்டையின் நிதானத்தில் ஒரு பகுதியாவது எடுத்திருந்தால் இந்தத் தொடர் எங்கோ போயிருக்கும்.

தண்டனையின் நீளத்தைத் தொடர் கையாளும் விதமும் என்னை நிறைவுசெய்யவில்லை. அங்கே ஆயுள் என்பது ஒரு சுவர். தீர்ப்பை உடைத்தால் விடுதலை, உடைக்காவிட்டால் சாகும் வரை உள்ளே. நம் ஊரில் அது புகைமூட்டம். எங்கள் பக்கத்தில் யாரைக் கேட்டாலும் “ஆயுள்னா பதினாலு வருஷம்” என்பார்கள். ஆயுள் தண்டனை என்றால் எஞ்சிய வாழ்நாள் முழுவதும் என்று உச்ச நீதிமன்றம் 1961இலேயே தீர்ப்பளித்துவிட்டது. பதினான்கு என்ற எண், பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 1978இல் சேர்க்கப்பட்ட 433ஏ பிரிவிலிருந்து வந்தது, 2024இல் அதன் இடத்துக்கு வந்த புதிய சட்டத்திலும் அந்த விதி தொடர்கிறது. மரண தண்டனைக்கும் இடமுள்ள குற்றத்தில் ஆயுள் தண்டனை பெற்றவரை 14 ஆண்டுகளுக்கு முன் விடுவிக்கக் கூடாது என்றுதான் அது சொல்கிறதே தவிர, 14 ஆண்டுகள் முடிந்தால் விடுவித்தாக வேண்டும் என்று சொல்லவில்லை. அதற்கு முன்பே விடுவிக்க ஆளுநருக்கு அரசமைப்புச் சட்டத்தின் 161ஆவது பிரிவில் அதிகாரம் உண்டு. ஆகவே தமிழ்நாட்டில் ஆயுள் கைதிகளின் வீடுகளில் தலைவர்களின் பிறந்தநாள்களைப் பார்த்துக் காத்திருக்கும் வழக்கம் வேரூன்றியிருக்கிறது. 2008 செப்டம்பர் 15 அன்று அண்ணா நூற்றாண்டையொட்டி, ஏழு ஆண்டுகள் முடித்திருந்த 1,405 ஆயுள் கைதிகள் விடுவிக்கப்பட்டார்கள். சித்தப்பா அவர்களில் ஒருவர். பத்து ஆண்டுகள் முடித்தவர்களுக்கு எம்.ஜி.ஆர். நூற்றாண்டையொட்டி 2018இல் அப்படி ஒரு வாய்ப்பு வந்தது. மேட்டூர் அணை பல ஆண்டுகளில் ஜூன் 12 அன்று திறப்பதில்லை என்றாலும், காத்திருப்பதற்கு டெல்டாக்காரனுக்கு ஒரு தேதி இருக்கிறது. 2008க்கு முந்தைய ஒவ்வொரு செப்டம்பரிலும் சித்திக்கு இருந்தது தேதிகூட அன்று. பக்கத்து வீட்டுச் செய்தித்தாளில் ஏதாவது வந்திருக்குமா என்ற தவிப்பு மட்டுமே. விட்டுவிட்டு மூட்டப்படும் இந்த நம்பிக்கை மனிதரை எப்படி அரிக்கிறது என்பதைச் சொல்லும் தொடர் இனிதான் யாராவது எடுக்க வேண்டும்.

இரண்டாவது குறை இன்னும் ஆழமானது. அதை எழுதுவது எனக்கு எளிதாக இல்லை. ஆரன் வாலஸ் நிரபராதி. அதனால் அவருடைய துயரம் முழுவதும் கோபமாக மாறிக்கொள்ள முடிகிறது. பார்ப்பவரும் தயக்கமின்றி அவர் பக்கம் நிற்க முடிகிறது. என் சித்தப்பா நிரபராதி அல்லர். குடமுருட்டிப் பாசனத்தில் எங்கள் வயலுக்கும் பக்கத்து வயலுக்கும் பொதுவான மடையில், சம்பா பருவத்து ஓர் இரவில் தண்ணீர் திருப்புவதில் மூண்ட தகராறில், கையிலிருந்த மண்வெட்டியால் அவர் அடித்தார், ஒருவர் இறந்துபோனார். இறந்தவரின் மனைவி எங்களுக்குப் பின்தெருவில் இருக்கிறார். ஆடிப்பெருக்கன்று ஊர்ப் பெண்கள் எல்லோரும் படித்துறையில் கூடி மஞ்சள் சரடு மாற்றிக்கொள்ளும்போது, சித்தி அந்த ஒன்பது ஆண்டுகளும் ஊர்ப் படித்துறைக்குப் போகாமல், ஒரு மைல் தள்ளி ஆள் இல்லாத ஒரு கரையில் தனியாக மாற்றிக்கொண்டு வந்தார். தன் கணவர் உயிரோடு இருக்கிறார், அந்த அம்மாளின் கணவர் இல்லை என்ற வேறுபாட்டை அவர் எதிரில் போய்க் காட்டச் சித்திக்கு மனம் வரவில்லை. கணவருக்காக அழவும் முடியாது, அழாமல் இருக்கவும் முடியாது. ஆயுள் தண்டனை பெற்றவர்களில் பெரும்பாலோரின் குடும்பங்கள் வாழ்வது இந்த இடத்தில்தான். பாதிக்கப்பட்ட குடும்பம் என்ற ஒன்றே இல்லாத குற்றத்தைத் தேர்ந்தெடுத்துக்கொண்டதால், ‘ஃபார் லைஃப்’ இந்த இடத்துக்குள் வரவே தேவையில்லாமல் போய்விட்டது. ஆரன் வாதாடும் சில கைதிகள் குற்றம் செய்தவர்கள்தாம். அவர்களைப் பற்றிய பகுதிகளில் தொடர் சட்டென்று கனம் பெறுவதைப் பார்க்கிறேன். அந்தக் கனத்தோடு ஒரு பகுதிக்கு மேல் தங்க அதற்குப் பொறுமை இல்லை.

ஒலியமைப்பைத் தனியாகச் சொல்ல வேண்டும். இரும்புக் கதவு நகரும் ஓசையும் பூட்டு விழும் ஓசையும் பல காட்சிகளுக்கு அடியில் இருந்துகொண்டே இருக்கின்றன. நான் அதைக் கவனித்ததற்குக் காரணம் சித்தப்பா. எங்களோடு உட்கார்ந்து பார்க்க அவர் ஒருநாளும் வரவில்லை, திண்ணையில்தான் படுத்திருப்பார். கதவு சாத்தும் ஓசை வரும்போதெல்லாம் “சத்தத்தக் கொறைடா தம்பி” என்று அங்கிருந்து குரல் கொடுப்பார். மூன்றாம் நாளிலிருந்து நானே முன்கூட்டிக் குறைத்து வைக்கப் பழகிக்கொண்டேன்.

இரண்டாவது சீசனின் தொடக்கத்திலேயே ஆரன் வீடு திரும்புகிறார். அதுவரை நான் எதிர்பார்த்திருந்தது இதைத்தான். திரும்பி வந்தவருக்கு வீட்டில் இடம் எங்கே, மேரியோடு மறுபடி சேரும்போது நடுவில் போன ஆண்டுகளை இருவரும் என்ன செய்வார்கள், வளர்ந்துவிட்ட மகளிடம் எந்த உரிமையில் பேசுவது என்ற கேள்விகளைச் சில காட்சிகள் அழகாகவே எழுப்புகின்றன. ஆனால் விரைவிலேயே அவர் வெளியில் வழக்குகள் எடுக்கத் தொடங்கிவிடுகிறார். காவல் துறையின் வன்முறை, கொரோனா கால நெருக்கடி என்று தொடர் அமெரிக்காவின் அந்த ஆண்டுச் செய்திகளுக்குள் நகர்ந்துவிடுகிறது. அவை முக்கியமான பொருள்கள்தாம், பொறுப்போடுதான் எடுத்திருக்கிறார்கள். எனக்கு வேண்டியிருந்ததோ அந்த மனிதர் வீட்டுக்குள் நடமாடுவதைப் பார்ப்பது. சித்தப்பா வந்த புதிதில், சாத்தியிருக்கும் கதவைத் தானாகத் திறக்க மாட்டார். யாராவது திறக்கும் வரை பக்கத்தில் நிற்பார். சாப்பிட்டதும் தட்டைக் கழுவிக் கையில் பிடித்துக்கொண்டு, எங்கே வைப்பது என்று சித்தியின் முகத்தைப் பார்ப்பார். சிறையில் இரவெல்லாம் விளக்கு எரிவதால், இருட்டில் அவருக்குத் தூக்கம் வராது. அவருடைய பிள்ளைகள் அவரை ‘அப்பா’ என்று அழைக்கப் பல மாதங்கள் ஆயின. வந்த முதல் பொங்கலுக்கு அவர்களுடைய சட்டை அளவு தெரியாமல் இரண்டு அளவு சின்னதாக வாங்கிவந்தார்.

பார்க்கலாமா என்று கேட்டால், முதல் சீசனைக் கட்டாயம் பாருங்கள் என்பேன், அதுவும் நாளுக்கு ஒரு பகுதிக்கு மேல் வேண்டாம். வரிசையாக ஓட்டினால் நீதிமன்றத் திருப்பங்கள் மட்டும் மனத்தில் தங்கி, வீட்டுக் காட்சிகள் நழுவிவிடும். இரண்டாவது சீசனில் வீடு திரும்பும் பகுதிகள் முக்கியம். மற்றவை உங்கள் விருப்பம். சிறைக்குள் அடிதடியும் இரத்தமும் உண்டு என்பதால் சிறுவர்களோடு பார்க்க ஏற்றதன்று. உறவில் யாரேனும் சிறையில் இருக்கும் வீட்டில், பெரியவர்களிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் போடுவது நல்லது. நான் கேட்காமல்தான் தொடங்கினேன். சித்தி தானாக வந்து உட்கார்ந்ததால் தொடர்ந்தேன்.

சித்தி இரண்டாவது சீசனின் நடுவில் நிறுத்திக்கொண்டார். ஆரன் வீட்டுக்கு வந்துவிட்டார், இனித் தனக்கு வேண்டாம் என்றார். மீதியை நான் தனியாகப் பார்த்து முடித்த இரவு, சித்தப்பா திண்ணையிலிருந்து, “அந்த ஆளு வீட்டுக்கு வந்துட்டானா?” என்று கேட்டார். வந்துவிட்டார் என்றேன். “அப்புறம் என்னடா காட்டுறான்?” என்றார். வழக்குகள் நடத்துகிறார் என்று சொன்னேன். அவர் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை. திண்ணை விளக்கை அணைக்காமல் உள்ளே போய்ப் படுத்தேன்.